நாலு இடத்தில் தேய்ந்த சக்கரம்

கிர்ர்ர்ர்ர்க்!

சத்தம் தெருவிலிருந்து மாடிக்கு ஏறி, ஜன்னல் கம்பியை உரசிக்கொண்டு உள்ளே வந்து விழுந்தது. டைப்ரைட்டர் மேல் ஓடிக்கொண்டிருந்த ஞானபாக்கியத்தின் பத்து விரல்களும் ஒரே சமயத்தில் நின்றன.

மறுபடியும், கிர்ர்ர்ர்ர்க்! இரும்புப் பல்லை இரும்புப் பல் கடித்துப் பார்த்து, பிடி கிடைக்காமல் வழுக்குகிற சத்தம்.

"சார்..." என்றாள்.

"கேட்டுச்சு டீச்சர்," என்றார் ஐயாதுரை. டீ கிளாஸ் அவர் உதட்டுக்கு ஒரு அங்குலம் முன்னால் நின்றுகொண்டிருந்தது.

ஐயாதுரை ராணுவத்தில் இருபது வருஷம் வண்டிகளின் வயிற்றைப் பிளந்து வைத்தியம் பார்த்த ஹவில்தார். ஓய்வு பெற்று வந்து ராஜபாளையத்தில் துப்பறியும் நிலையம் என்று போர்டு மாட்டி மூன்று வருஷம் ஆகிறது. அதற்கு முன் அதே மாடியில் டைப்ரைட்டிங் இன்ஸ்டிடியூட் நடத்தி, படிக்க ஆள் வராமல் இழுத்து மூடியவள் ஞானபாக்கியம். போர்டு மாறியது. மேஜையும் மெஷினும் அவளும் இருந்த இடத்திலேயே இருந்தார்கள். 'டீச்சர்' என்ற பட்டமும் கூடவே ஒட்டிக்கொண்டது.

இருவரும் ஜன்னலுக்குப் பாய்ந்தார்கள்.

கீழே, நூற்பாலை கேட்டுக்கு எதிரே ஒரு வெள்ளை அம்பாசிடர். தடித்த மனிதர் ஒருவர் இறங்கி, கதவுச் சட்டத்தில் தோளைக் கொடுத்து, கியரில் கிடந்த வண்டியை முன்னும் பின்னும் இரண்டு தரம் அசைத்தார். ஏறி உட்கார்ந்து சாவியைத் திருகினார். இந்தத் தடவை எஞ்சின் முனகாமல் பிடித்துக்கொண்டது.

இந்தக் காட்சியை ஞானபாக்கியம் ஏற்கெனவே ஒரு சாட்சி சொல்லக் கேட்டு டைப் அடித்திருக்கிறாள். இரண்டு கார்பன் வைத்து, மூன்று பிரதி.

போன வருஷம் ஆடிப்பூரம். ஸ்ரீவில்லிபுத்தூரில் ஆண்டாள் தேர் இழுத்த அன்றைக்குச் சாயங்காலம், பாதை பிரிகிற வன்னியம்பட்டி விலக்குக்குப் பக்கத்தில், காமராஜ் என்ற மில் தொழிலாளி சைக்கிளோடு அடிபட்டு ரோட்டோரம் விழுந்தான். இடித்த வெள்ளைக் கார் அங்கேயே நின்றுபோனது. கண்மாய்க் கரைமேல் ஆடு ஓட்டிக்கொண்டு வந்த கருத்தம்மாள் தூரத்திலிருந்து பார்த்தாள். விழுந்தவன் தண்ணீர், தண்ணீர் என்று கத்தினான். வண்டிக்காரன் அவன் பக்கம் திரும்பவே இல்லை. சாவியைத் திருகினான். கிர்ர்ர்க். இறங்கி வண்டியை ஆட்டினான். மறுபடி திருகினான். கிளம்பிப் போய்விட்டான். இருட்டு கட்டிவிட்டதால் முகம் தெரியவில்லை. நம்பரைப் பார்த்திருந்தாலும் கருத்தம்மாளுக்குப் படிக்கத் தெரியாது. ஆனால் அந்தச் சத்தத்தை வாயாலேயே செய்து காட்டினாள். இதே சத்தம்.

"டீச்சர், அங்க பாருங்க," என்றார் ஐயாதுரை, குரலைத் தாழ்த்தி.

இரவு ஷிப்டு முடிந்து வெளியே வந்த பெண்கள் கூட்டத்தில் ஒருத்தி மட்டும் நகராமல் நின்றாள். தலைமுடியெல்லாம் பஞ்சு. காமராஜின் மனைவி வெள்ளத்தாய். கருத்தம்மாளிடம் அந்தச் சத்தத்தை நூறு தடவையாவது செய்யச் சொல்லிக் கேட்டிருப்பாள். வாராவாரம் இந்த மாடிப்படி ஏறி வந்து அவள் கேட்பது இரண்டே வார்த்தை. பேரு கெடைச்சுச்சா? போலீஸ் கேஸ் அவளுக்கு வேண்டாம், கோர்ட் வேண்டாம். பேர் மட்டும் போதும். மிச்சத்தை அவள் பார்த்துக்கொள்வாள். எப்படிப் பார்த்துக்கொள்வாள் என்பதை அவள் கண்ணைப் பார்த்த யாரும் கேட்டதில்லை.

அம்பாசிடர் ஸ்ரீவில்லிபுத்தூர் ரோட்டில் திரும்பியது. வெள்ளத்தாய் பக்கத்துப் பெட்டிக்கடைக்காரரிடம் ஏதோ கேட்டாள். அவர் பதில் சொன்னார். அவள் திரும்பி மாடி ஜன்னலைப் பார்த்தாள்.

"சுந்தரபாண்டியன்!" என்று கீழேயிருந்தே கத்தினாள். பதினோரு மாதத்தில் அவள் முதல் தடவையாகச் சிரித்தாள்.

"ஏட்டி, அவசரப்படாத! சாயங்காலம் வரைக்கும் பொறு!" என்று ஐயாதுரை கூவினார்.

அதற்குள் அவள் கூட்டத்தில் கரைந்துவிட்டாள்.

"சாயங்காலம் வரைக்கும் பொறுப்பாளா சார்?"

"மத்தியானத்துக்கு மேல தாங்காது. செருப்பை மாட்டுங்க டீச்சர்."

ஐயாதுரையின் ஸ்கூட்டர் பதினோரு கிலோமீட்டரை நாற்பது நிமிஷத்தில் கடந்தது. வழியில் இரண்டு சைக்கிள்களும் ஒரு மாட்டு வண்டியும் அதை முந்தின.

"சார், மாடு நம்மளப் பாத்துச் சிரிக்குது."

"நீங்க திரும்பிப் பாக்காதீங்க. அதுக்கு எடம் குடுத்தாப்பல ஆயிரும்."

வண்டியைத் தேட வேண்டியிருக்கவில்லை. ஸ்ரீவில்லிபுத்தூர் எல்லையில் குருசாமி ஒர்க்ஷாப் வாசலில் அது மூக்கைத் திறந்துகொண்டு நின்றது. பக்கத்தில் நின்று சுந்தரபாண்டியன் குருசாமியை வறுத்துக்கொண்டிருந்தார். ஊரில் பெரிய கமிஷன் கடை அவருடையது. குரல் அதைவிடப் பெரியது.

"ஏலே, தெருவுக்குத் தெரு எறங்கி வண்டியத் தள்ளவால நான் காரு வச்சிருக்கேன்? எடுக்கும்போது சாமி வந்தவன் மாதிரி குலுங்குது. இன்னைக்குச் சரி பண்ணலைன்னா ஒன்னைய உள்ள போட்டு ஷெட்டர எறக்கிருவேன்!"

"பாத்துருவோம் மொதலாளி," என்றான் குருசாமி. நாற்பது வயசு, ஒல்லி ஆள். வாய்தான் பதில் சொன்னது. கண் எங்கெங்கோ ஓடியது.

ஐயாதுரை பழைய பட்டாளத்துக்காரனாக, வேலை வெட்டி இல்லாதவனாக, சும்மா எட்டிப் பார்க்கிறவனாக உள்ளே நுழைந்தார். ஐந்தே நிமிஷத்தில் சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டிவிட்டார்.

"முன் லைட்டைப் போட்டுட்டு சாவியத் திருப்புங்க டீச்சர்."

ஞானபாக்கியம் திருகினாள். கிர்ர்ர்க். விளக்கு மங்கவில்லை.

"பேட்டரி நல்லா இருக்கு. ஸ்டார்ட்டரைக் கழட்டு குருசாமி."

ஸ்டார்ட்டர் வெளியே வந்தது. அது இருந்த ஓட்டைக்குள் ஐயாதுரை டார்ச் அடித்தார். எஞ்சின் முன்னால் இருந்த காற்றாடியைக் கையால் திருப்பச் சொன்னார். உள்ளே பிளைவீல் மெதுவாகச் சுற்றியது. எஞ்சினுக்குப் பின்னால் இருக்கும் கனத்த இரும்புச் சக்கரம் அது. அதன் விளிம்பைச் சுற்றி வளையல் போட்ட மாதிரி ஒரு பல் ரிங். அந்தப் பல்லைப் பிடித்துத்தான் ஸ்டார்ட்டர் எஞ்சினை உருட்டிவிட வேண்டும். பல், பல், பல்... திடீரென்று நாலைந்து பல்லைக் காணோம். மழுங்கிப்போன மொட்டை ஈறு.

"கெழவி வாய் மாதிரி இருக்கு," என்றாள் ஞானபாக்கியம், எட்டிப் பார்த்து.

"அந்த மொட்டை எடம் வந்து நின்னா ஸ்டார்ட்டருக்குப் பிடி இல்லை. அதான் சத்தம். கியர்ல போட்டு வண்டியத் தள்ளினா சக்கரம் கொஞ்சம் நகந்து நல்ல பல் வரும். பொறவு எடுத்துரும். பிளைவீலை மாத்தணும். கியர்பாக்ஸை எறக்கிரு குருசாமி."

"எறக்கணுமா?" குருசாமியின் குரல் இறங்கியது. "ரெண்டு பல்லுல வெல்டிங் வச்சு ஒப்பேத்திருவமே?"

"எறக்குல!" என்றார் சுந்தரபாண்டியன்.

அவர் ஸ்டூலில் உட்கார்ந்து வெற்றிலை மடித்தார். ஞானபாக்கியம் பக்கத்தில் போய், தேர், கூட்டம், வெயில் என்று சுற்றி வளைத்து, போன வருஷத்துத் தேரன்றைக்கு அவர் எங்கே இருந்தார் என்று கேட்டுவிட்டாள்.

"ராஜபாளையத்துக்கும் இங்கயுமா நாலு நடை. நாந்தான் ஓட்டுனேன். டிரைவர் தேர் பாக்கப் போயிட்டான்."

"அன்னைக்கு வன்னியம்பட்டி கிட்ட ஒரு ஆக்சிடெண்டு..."

"சைக்கிள்காரனா? ராத்திரி கேள்விப்பட்டேன். குறுக்க வந்து விழுகுறவனுக்கெல்லாம் நின்னு அழுதா நாம பொழைக்க முடியுமா?"

வெற்றிலைச் சாற்றைப் புளிச்சென்று துப்பினார்.

ஞானபாக்கியம் எழுந்து வந்துவிட்டாள். கருத்தம்மாள் சொல்லி டைப் அடித்த வரி ஒன்று கண்முன் ஓடியது. 'தண்ணி கேட்டுக்கிட்டே இருந்தாவ.' பேர் கேட்டு வாராவாரம் படியேறியது வெள்ளத்தாய். ஆனால் அந்தப் பேரைத் தானும் பதினோரு மாதமாகப் பசியோடு தேடியிருக்கிறோம் என்பது ஞானபாக்கியத்துக்கு அப்போதுதான் தெரிந்தது. இந்த வெற்றிலை வாயை மண்ணில் தேய்த்துப் பார்க்க வேண்டும் போல இருந்தது.

"இவந்தான் சார்," என்றாள் ஐயாதுரையின் காதில். "எனக்குச் சந்தேகமே இல்லை."

"எனக்கும் இல்லாமத்தான் இருந்துச்சு," என்றார் அவர். "ஆனா நம்ம குருசாமி ஏன் வேர்த்து ஊத்துறான்?"

கியர்பாக்ஸ் இறங்கியது. கிளட்ச் கழன்றது. ஆறு போல்ட்டையும் எடுத்ததும் பிளைவீல் கைக்கு வந்தது. கிளட்ச் உட்கார்கிற முகத்தில் வட்ட வட்டமாகக் கீறல். அதனால்தான் வண்டி எடுக்கும்போது குலுங்கியிருக்கிறது. ஐயாதுரை அதைத் தரையில் வைத்துக் குனிவதற்குள் குருசாமி ஓடிவந்து இரண்டு கையாலும் அள்ளினான்.

"பழசுதானே அண்ணாச்சி, நான் பின்னால கொண்டு போட்டுருதேன். புதுசு கடையில கெடைக்கும். வாங்கி மாட்டிருவோம்."

ஐயாதுரையின் கால் சக்கரத்தின் மேல் ஏறி உட்கார்ந்தது.

அந்த நேரம் பார்த்து வாசலில் இன்னொரு வெள்ளை அம்பாசிடர் வந்து நின்றது. அதிலிருந்து முதலில் முத்துராமலிங்கம் இறங்கினார். வன்னியம்பட்டியில் நிலபுலன் உள்ள பெரிய சம்சாரி. அன்றைக்கு இடித்த கார் போன கொஞ்ச நேரத்தில் அந்தப் பக்கம் வந்து, அடிபட்டுக் கிடந்த காமராஜைத் தன் காரின் பின் சீட்டில் தூக்கிப் போட்டு ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போனவர் அவர்தான். போன அவசரத்தில் ஆஸ்பத்திரி கேட் தூணில் மோதி முன் விளக்குகூட உடைந்தது. உயிர் வழியிலேயே போய்விட்டது. ஆனாலும் ஊரே அவரைக் கையெடுத்துக் கும்பிட்டது. அதற்குப் பிறகு வெள்ளத்தாய்க்கு ஒரு கூடப்பிறந்தவரைப் போல எல்லாம் செய்துவருகிறவர்.

அவருக்குப் பின்னால் வெள்ளத்தாய் இறங்கினாள். மில் சேலைகூட மாற்றவில்லை. கையில் செய்தித்தாள் சுற்றிய ஒரு நீளமான பொட்டலம். ஒரு முனையில் தாளைக் கிழித்துக்கொண்டு அரிவாளின் மூக்கு எட்டிப் பார்த்தது.

"எந்திரி," என்றாள் சுந்தரபாண்டியனிடம். சத்தமே போடவில்லை.

"யாரு நீ? என்ன இது?"

"காமராஜ் பொஞ்சாதி. தண்ணி தண்ணின்னு எம் புருசன் கெஞ்சுறப்ப நீ சாவியத் திருகிக்கிட்டு இருந்தியே, அந்தக் காமராஜ்."

"தாயி, பேச்சு என்ன பேச்சு," என்றார் முத்துராமலிங்கம். "பதினோரு மாசம் பேசியாச்சு. சத்தம் கேட்டாச்சு, வண்டியப் பாத்தாச்சு. ஒனக்கு ஒண்ணுன்னா நான் இருக்கேன். வக்கீலு, ஜாமீனு எல்லாத்தையும் நான் பாத்துக்கிடுதேன்."

சுந்தரபாண்டியன் சுவரோடு ஒட்டினார். பெரிய குரல் எங்கேயோ போய்விட்டது. ஞானபாக்கியம் ஒரு எட்டு எடுத்து வைத்தால் வெள்ளத்தாயின் கையைப் பிடித்துவிடலாம். அந்த ஒரு எட்டை எடுக்க அவள் கால் மறுத்தது. வெட்டட்டுமே என்று ஒரு நினைப்பு உள்ளே ஓடியது. பிறகு பல நாள் அதை நினைத்து அவள் ஜெபம் செய்தாள்.

"வெள்ளத்தாய்!" என்றார் ஐயாதுரை. "பேரு சொல்லுறது என் வேலை. நான் இன்னும் சொல்லலை. செத்த நேரம் குடு. டீச்சர், இங்க வாங்க. இந்த ரிங்குல எத்தனை எடத்துல தேஞ்சிருக்குன்னு எண்ணுங்க."

ஞானபாக்கியம் மண்டி போட்டு விரலால் தடவினாள். ஒன்று. நேர் எதிரே இரண்டு. அந்த இரண்டுக்கும் நடுவில் மூன்று. அதற்கு நேர் எதிரே...

"நாலு சார்."

"நாலு சிலிண்டர் எஞ்சின் எப்ப ஆஃப் பண்ணினாலும் ரெண்டே எடத்துலதான் வந்து நிக்கும், எதிரும் புதிருமா. அதனால பல்லும் அந்த ரெண்டு எடத்துலதான் தேயும். இதுல எப்படி நாலு?"

"ஒருவேளை எஞ்சினுக்குப் பொழுதுபோகலையோ என்னமோ," என்றாள் ஞானபாக்கியம். ஜோக் எடுபடவில்லை.

"மொதலாளி, இந்த பிளைவீல் எப்ப மாட்டுனது?"

சுந்தரபாண்டியன் சுவரை விட்டு நகராமலே பேசினார். "போன ஆவணிக் கடைசியில. பழசுல கிளட்ச் போயி சக்கரத்த அறுத்துருச்சுன்னான். புதுசு, பெட்டி பிரிச்சுப் போடுதேன்னான். இந்தா நிக்கானே, இவந்தான்!"

"ஆடியில ஆக்சிடெண்டு. ஆவணியில இது வண்டிக்கே வருது," என்றார் ஐயாதுரை. "அதுவும் புதுசாம். புதுசுல இது எப்படி வந்துச்சு?"

ரிங்கின் உள்விளிம்பைத் துணியால் அழுத்தித் துடைத்தார். கிரீஸுக்கு அடியில் மயில் கழுத்து நீலம் மின்னியது.

"கேஸ் நெருப்பு வச்ச நெறம். ரிங்கைக் காய்ச்சினா பெருத்துக் கழண்டுக்கும். கால் சுத்து திருப்பித் தட்டி மாட்டினா தேயாத பல் முன்னால வந்துரும். பழைய சக்கரம் புதுசாயிரும். நாங்க பட்டாளத்துல செஞ்ச வேலைதான். ஆனா இவன் அளவுக்கு மேல காய்ச்சிட்டான், இரும்பு எளகிருச்சு. பத்து மாசத்துலயே அடுத்த ரெண்டு எடமும் மொட்டை. ஆழமாத் தேஞ்ச பழைய ரெண்டு எடம் வேற ஒரு வண்டியில தேஞ்சது. அன்னைக்கு அலறுனது அந்த வண்டி."

"சக்கரத்த வச்சுக்கிட்டுக் கதை அளக்காரு," என்றார் முத்துராமலிங்கம். "இவன் வண்டியில முன்னாடி இருந்த சக்கரமும் அப்படியே கத்தியிருக்கும். வாங்கி வச்ச காசுக்கு ஏதாச்சும் சொல்லணும்ல. தாயி, என்ன பாத்துக்கிட்டு இருக்க?"

"நியாயமான கேள்வி," என்றார் ஐயாதுரை. "குருசாமி, நீ எந்த இரும்பையும் தூரப் போடுற ஆளில்லை. இவரு வண்டியோட பழைய பிளைவீல் எங்க?"

குருசாமியின் தலை கொல்லைப் பக்கம் திரும்பியது. ஞானபாக்கியம் ஓடினாள். கை கழுவுகிற தண்ணீர் டிரம், ஒரு இரும்புச் சக்கரத்தின் மேல் உட்கார்ந்திருந்தது. டிரம்மைச் சாய்த்து, சேலையெல்லாம் நனைய, அதை உருட்டிக்கொண்டே வந்தாள். முகத்தில் அரை விரல் ஆழத்துக்குக் கிளட்ச் அறுத்த பள்ளம். விளிம்பில் ஒரு பல்கூடக் குறையவில்லை.

"இது கத்தாது சார்," என்றாள். "பல்லு அத்தனையும் இருக்கு."

சுந்தரபாண்டியன் கெட்டவர்தான், வாய்க்கொழுப்பு பிடித்தவர்தான். ஆனால் காமராஜைக் கொன்றவர் அவர் இல்லை. இன்னும் இரண்டு நிமிஷம் போயிருந்தால், செய்யாத கொலைக்கு ஒரு தலை இங்கே உருண்டிருக்கும். வெள்ளத்தாய்க்கும் அது உறைத்திருக்க வேண்டும். பொட்டலம் ஒரு சாண் கீழே இறங்கியது. கண் மட்டும் இறங்கவில்லை. அது இப்போது குருசாமி மேல் இருந்தது.

"அப்ப நீயா?"

"எனக்கு ஏது தாயி காரு!" குருசாமி கையெடுத்துக் கும்பிட்டான். "புதுசுன்னு சொல்லிப் பழசை மாட்டுனது தப்புதான். மொதலாளி என்னைய அடிச்சாலும் வாங்கிக்கிடுதேன். அந்தச் சக்கரத்தை உடைச்சு நொறுக்கிரணும், துண்டுகூட வெளிய போகப்படாதுன்னு சொல்லித்தான் குடுத்தாவ. நான் சரின்னேன். நல்ல இரும்பு தாயி. உடைக்க எனக்கு மனசு வரலை. வேறொரு ஓட்டைச் சக்கரத்தை உடைச்சுக் காமிச்சுட்டு, இதைக் காய்ச்சித் திருப்பி மாட்டிட்டேன்."

"யாரு குடுத்தா?"

குருசாமி அழ ஆரம்பித்தான். கேட்டவளை அவன் பார்க்கவில்லை. ஐயாதுரையையும் பார்க்கவில்லை. வாசலில் கார்ச் சாவியைக் கைக்குள் இறுக்கிக்கொண்டு நின்றவரைப் பார்த்தான்.

"மன்னிச்சிருங்க அண்ணாச்சி, தேர் முடிஞ்ச நாலாம் நாள், 'பின் சீட்டுல இருக்க ரத்தம் புண்ணியத்துக்கு வந்தது, அது கெடக்கட்டும், இந்தச் சக்கரத்தை மட்டும் நொறுக்கிரு'ன்னு சொல்லி நீங்க என் கையில குடுத்தது இதுதான்."